வெளுத்துப் போன கரியன்

"சத்தியமாச் சொல்றேன் டாக்டரம்மா, நான் சொன்னதுல ஒரு எழுத்து பொய்யா இருந்தாலும் இந்தக் கை இனிமே தூரிகை பிடிக்காது!"

போர்டு எழுதிப் பிழைக்கிறவர் இதற்கு மேல் சத்தியம் செய்ய முடியாது. உயர்த்திய கையில் ஆள்காட்டி விரலுக்கு மட்டும் பெரிய கட்டு.

கால்நடை டாக்டர் மூக்குக்கண்ணாடியை இறக்கி, மேஜைமேல் நின்ற நாயைப் பார்த்தார். சுண்ணாம்பு அடித்த சுவர் மாதிரி வெள்ளை.

"இதுக்குப் பேரு?"

"கரியன்."

"ம்."

"போன வாரம் வரைக்கும் பேருக்கு ஏத்த மாதிரிதான் இருந்தான். படிப்படியா வெளுத்துட்டான்."

"ஒரே வாரத்துல. படிப்படியா."

"படி கொஞ்சம் உயரமான படி."

நடந்தது வேறு. கண் ஆபரேஷனுக்குப் பிறகு கொஞ்ச நாள் குனியக்கூடாது என்பதால், மாமியார் தன் செல்லக் கறுப்பு நாயை மாப்பிள்ளையிடம் விட்டிருந்தார். குடை, செருப்பு, ஒருமுறை கடைவீதிக் கூட்டத்தில் மனைவி என்று எதையும் மிச்சம் வைக்காமல் தொலைத்தவர் மாப்பிள்ளை. அது தெரிந்தும் மாமியார், "கரியனைப் பத்திரமா திருப்பிக் கொடுங்க. எங்க வீட்டுக் கீழ் அறைச் சாவி உங்களுக்கு" என்று வாக்குக் கொடுத்திருந்தார். மாடிப்படியில் பலகையைச் சாய்த்து எழுதி, ஏறி இறங்குகிறவர்கள் முழங்காலில் எல்லாம் பெயின்ட் அப்பி, வாங்கிக் கட்டிக்கொண்டே காலம் தள்ளும் மனிதருக்கு அந்த அறை சொர்க்கம்.

கரியனோ வந்த வேகத்திலேயே கம்பி நீட்டிவிட்டான். சந்து பொந்தெல்லாம் தேடிக் களைத்தவரின் கண்ணில் பட்டது இந்தத் தெருநாய். அதே உயரம், அதே மடிந்த இடக் காது. நிறம் மட்டும்தான் ஒத்துழைக்கவில்லை. அதற்காகப் பின்வாங்குகிற ஆள் இல்லை அவர்.

"உங்க கையிலதான் பெயின்ட் இருக்கே, கறுப்பு அடிச்சிருக்கலாமே?" என்றார் டாக்டர்.

"அடிக்கத்தான் போனேன்." கட்டுப் போட்ட விரலைக் காட்டியவர் சட்டென்று சுதாரித்தார். "அதாவது, வெளுத்த இடத்தை மறைக்க. டாக்டரம்மா, எங்க அத்தையை இங்கதான் வரச் சொல்லியிருக்கேன், இப்ப வந்துடுவாங்க. படிச்சவங்க வாயால இதுக்கு ஒரு பெரிய வார்த்தை சொல்லிடுங்க, போதும்."

"வார்த்தை இருக்கு. நிறமியிழப்பு."

போர்டுக்காரர் அதை மனதுக்குள் ஒரு பலகையில் எழுதிப் பார்த்தார். கம்பீரமாகத்தான் வந்தது.

"அப்படின்னா?"

"தோலுக்கும் முடிக்கும் நிறம் கொடுக்கிற பொருளுக்கு நிறமின்னு பேர். அதை உண்டாக்குற உயிரணுக்கள் அழிஞ்சா அந்த இடம் வெளுத்துடும். வலிக்காது, தொத்தாது. ஆனா திட்டுத் திட்டா, மாசக்கணக்குல வரும். பிறந்ததுல இருந்தே வெள்ளையா இருக்கிற நாய்க்கு இந்த வார்த்தையைச் சொல்லக்கூடாது. இழப்புன்னா, முதல்ல இருந்திருக்கணும்."

"இருந்தது டாக்டரம்மா! இழந்துட்டேன்!" அது மட்டும் உண்மைதான்.

"பெரும்பாலும் மூக்கு, உதட்டுப் பக்கம்தான் முதல்ல ஆரம்பிக்கும். இவன் மூக்கு கன்னங்கரேல்னு இருக்கே?"

"அதை மட்டும் விட அவனுக்கு மனசு வரல போல."

உள்ளறையில் ஏதோ ஒரு நாய் குரைத்தது. போர்டுக்காரர் அந்தப் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். எல்லா நாயும் ஒரே மாதிரிதான் குரைக்கும் என்று தன்னைத் தேற்றிக்கொண்டார்.

"பொய் சொல்ல மாட்டேன்" என்றார் டாக்டர். "வார்த்தைக்கு அர்த்தம் சொல்லிட்டேன். அதை எங்க பயன்படுத்துறீங்கங்கிறது உங்க பாடு."

அந்த நேரம் பார்த்துக் கறுப்புக் கண்ணாடியோடு மாமியார் உள்ளே வந்தார். நாயை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தார்.

"யாரு மாப்பிள்ளை இது?"

"நம்ம கரியன்தான் அத்தை. நிறமியிழப்பு." பலகையில் எழுதுவது போல எழுத்தெழுத்தாகச் சொன்னார். "உங்களைப் பிரிஞ்ச ஏக்கத்துல அணுவெல்லாம் அழிஞ்சுபோச்சு. வலிக்காது, தொத்தாது."

"தினமும் போன்ல கேட்டேனே. நல்லா இருக்கான்னு சொன்னீங்க. நேத்துகூட, சாப்பிட்டுட்டு உங்க செருப்புல தலை வெச்சுத் தூங்குறான்னீங்க."

"தூங்குனான் அத்தை. தூங்கும்போதுதான் வெளுத்தான்."

மாமியார் திரும்பினார். "டாக்டர், இப்படி ஒரு நோய் உண்டா?"

"நோய் உண்டு" என்றார் டாக்டர், ஒரு சொல் கூட்டாமல்.

"அப்ப சரி." மாமியார் கைப்பையிலிருந்து சாவியை எடுத்தார். சாவியைப் பார்த்ததும் போர்டுக்காரருக்கு வீரம் தலைக்கேறியது. ஒரு வாரமாக பிஸ்கட்டைக் காட்டிக் காட்டி அந்தப் பேருக்குப் பழக்கியது வீண் போகலாமா?

"இன்னும் சந்தேகம் இருந்தா கூப்பிட்டுப் பாருங்க அத்தை! நிறம் போனாலும் பேர் மறக்குமா?"

மாமியார் கண்ணாடியைக் கழற்றினார். "கரியா!"

இரண்டு நாய்கள் ஓடிவந்தன. மேஜையிலிருந்து குதித்து ஒரு வெள்ளை. உள்ளறைக் கதவை முட்டித் தள்ளிக்கொண்டு ஒரு கறுப்பு.

"நீங்க காலையில விட்டுட்டுப் போனவனுக்கு ஊசி போட்டாச்சும்மா" என்றார் டாக்டர், முகத்தில் எந்த மாற்றமும் இல்லாமல்.

மாமியார் சாவியை வெள்ளை நாயின் கழுத்துப் பட்டையில் மாட்டினார்.

"இது இவன்கிட்டயே இருக்கட்டும் மாப்பிள்ளை, உங்ககிட்ட கொடுத்தா தொலைஞ்சிடும். கரியன் உங்க வீட்டை விட்டு ஓடின அன்னிக்கே என்கிட்ட வந்துட்டான். நான் தினமும் போன் பண்ணி, அவன் சாப்பிட்டானான்னு உங்களைக் கேட்டப்பல்லாம், என் செருப்புலதான் தலை வெச்சுத் தூங்கிக்கிட்டிருந்தான்."