உள்தாழ்ப்பாள்

தொம்மலூரிலிருந்து வந்த ஜட்கா ஆஸ்டின் டவுன் வீட்டு வாசலில் நின்றது. குழந்தை ஜானகி இறங்குவதற்குள் பெரியம்மா சின்னத்தாயி ஓடிப்போய் அவளைத் தூக்கிக்கொண்டு, தன் அறைக்குள் நுழைந்து உள்தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள்.

பெற்றவள் பாஞ்சாலி ஆறு மாத வயிற்றோடு வாசலிலேயே திகைத்து நின்றாள். இருபது நாள் அத்தை வீட்டில் இருந்துவிட்டு வந்த மகளின் முகத்தைக்கூட அவள் சரியாகப் பார்க்கவில்லை.

"முகமெல்லாம் சின்னம்மை போட்டிருக்கு பாஞ்சாலி. நீ கிட்ட வராதே. எனக்குச் சின்ன வயசுலயே வந்தாச்சு. நான் பாத்துக்கிறேன்" என்று உள்ளிருந்து குரல் வந்தது.

குழந்தையை அழைத்து வந்த பாஞ்சாலியின் கணவன் முனிராஜும் அதையே சொன்னான். அவனுக்கு விமான ஃபாக்டரியில் வேலை. அங்கே டாக்டர் சொன்னதைத் தன் பாஷையில் விளக்கினான்.

"உடம்புக்கு ரெண்டு காவல். முதல் ஆள் எங்க கேட் வாட்ச்மேன் மாதிரி. யாரு எவருன்னு பாக்கமாட்டான், வெளியாள் வந்தா உடனே அடிப்பான். ரெண்டாவது ஆள் வந்து சேர நாளாகும். ஆனா ஒருதரம் திருடன் முகத்தைப் பாத்துட்டான்னா ஆயுசுக்கும் மறக்கமாட்டான். அதான் அம்மை வந்தவங்களுக்கு மறுபடி வராது. உனக்கு இன்னும் வரல. வயித்துல வேற ஒண்ணு இருக்கு. அண்ணி பாத்துக்கட்டும்."

பாஞ்சாலிக்கு மனசு ஆறவில்லை. மறுபடி வராது என்று தெரிந்துதானே உள்ளே போய் உட்கார்ந்திருக்கிறாள்? இதில் என்ன பெரிய தியாகம்? பிள்ளையில்லாதவளுக்கு என் பிள்ளையைக் கைக்குள் போட்டுக்கொள்ள ஒரு சாக்கு கிடைத்தது என்று நினைத்துக்கொண்டாள்.

ஐந்தாம் நாள் இளநீர்ச் செம்பை அறை வாசலில் வைத்துவிட்டு, "ஜானு" என்று கூப்பிட்டாள்.

"பெரியம்மா கதை சொல்லுது. நீ அப்புறம் வாம்மா" என்றது குழந்தை.

அன்று முழுக்க அவளுக்குச் சோறு இறங்கவில்லை. குழந்தைக்கு மூன்று தண்ணீர் ஊற்றி முடியட்டும், அப்புறம் ஓரகத்தி பக்கம் விடவே போவதில்லை என்று புருஷனிடம் சொல்லிவிட்டாள்.

மூன்றாம் தண்ணீர் ஊற்றிய மறுநாள் காலை கதவு திறந்தது. ஜானகி மட்டும் மஞ்சளும் வேப்பிலையும் மணக்க ஓடி வந்தாள். கதவு மறுபடி சாத்திக்கொண்டது.

பாஞ்சாலி மகளைக் கட்டிக்கொண்டு அழுதாள். அழுகை நின்றதும் கோபம் வந்தது. இத்தனை நாள் கொஞ்சியவளுக்கு, வெளியே வந்து பிள்ளையைக் கையில் கொடுக்க மனசு வரவில்லையா? நேராகவே கேட்டுவிடலாம் என்று ஜன்னலுக்குப் போனாள்.

உள்ளே குழந்தை படுத்திருந்த அதே பாயில் சின்னத்தாயி சுருண்டு கிடந்தாள். முகத்திலும் கழுத்திலும் புதுக் கொப்புளங்கள்.

கேட்க வந்ததெல்லாம் பாஞ்சாலிக்கு மறந்துபோயிற்று.

"என்னக்கா இது? வந்தவங்களுக்கு மறுபடி வராதுன்னாங்களே?"

சின்னத்தாயி முக்காட்டை இழுத்து முகத்தை மூடிக்கொண்டாள்.

"வந்தவங்களுக்குத்தான்டி வராது. நீ ஜன்னல்கிட்ட நிக்காதே, தள்ளிப் போ."