தார் தீரும்வரை

அவள் படித்தாள். தறி ஓடியது.

மடியில் புத்தகம். ஒரு பக்கம் ராட்டையும், நூல் சுற்றிய தார்கள் நிறைந்த கூடையும். மறுபக்கம் சொம்பில் தண்ணீர். எதிரே தறிக்குழியில் மாமனார்.

பாவுக்குக் குறுக்கே ஓடும் நாடாவுக்குள் இருக்கும் தாரில் நூல் தீர்ந்தால் தறி நிற்கும். அவர் திரும்பாமல் கையை நீட்டுவார். அவள் அடுத்த தாரை உள்ளங்கையில் வைப்பாள்.

அந்த இடைவெளியில்தான் மூச்சு விட்டுக்கொண்டாள்.

புத்தகம் இந்த ஊர் நெசவின் கதை. நேற்று வந்தது. நூல் பஞ்சம், கஞ்சித் தொட்டி, ஊரே தறியை நிறுத்திய வருடம்.

அந்த வருடம்தான் மாமனாரின் அண்ணன் சென்னியப்பன் போலீஸ் அடியில் செத்தார். ஒளிந்திருந்த இடத்தை யாரோ காட்டிக் கொடுத்திருந்தார்கள்.

"யாருன்னு இதுல இருக்குதாம்" என்றார் மாமனார், காலையில் தறியில் இறங்கும்போதே. "எழுதுனவரே சொன்னாரு. படி அம்மிணி."

அவள் ஏற்கெனவே படித்திருந்தாள். விடியும்போது, பால் பொங்குவதற்குள்.

ஆத்துப்புதூர் நஞ்சப்பன்.

அவளுடைய தாத்தா.

அவளைத் தோளில் உட்காரவைத்துத் தேர் காட்டியவர். கல்யாணப் பத்திரிகையில் அவர் பெயரைப் பெரிய எழுத்தில் போடச் சொன்னது இதே மாமனார்தான்.

பால் பொங்கி அடுப்பு அணைந்தது. அவள் பார்க்கவில்லை.

ஆடி மாதம் சென்னியப்பனுக்குப் படையல் போடுவது அவள். இலைக்கு முன்னால் நின்று மாமனார் வருடா வருடம் ஒன்றையே சொல்வார்.

காட்டிக் கொடுத்தவன் வம்சத்துக் கையால பச்சத் தண்ணி குடிக்க மாட்டேன், அண்ணா.

அதைச் சொல்லிவிட்டு, அவள் பரிமாறியதைச் சாப்பிடுவார்.

"'முறுக்கிய மீசையோடு சென்னியப்பன் ஊர்வலத்தின் முன்னால் நடந்தார்'" என்று படித்தாள்.

"மீசையா? அண்ணனுக்கு அது மொளைக்கவே இல்லியே." அவர் சிரித்தார். "எழுதுனவருக்குத் தாராள மனசு."

அவளும் சிரிக்க வேண்டியிருந்தது.

தார் தீர்ந்தது. கை நீண்டது. புதுத் தாரை வைத்தாள். அவர் அதை நாடாவில் பொருத்தி, அதன் துளையில் உதட்டை வைத்து நூலை உறிஞ்சி எடுத்தார். மிதி அசைந்தது.

அடுத்த பக்கத்தில் அந்தப் பெயர்.

இரண்டு தாள்களைச் சேர்த்துப் புரட்டினாள்.

"'கூட்டுறவுச் சங்கத்தின் முதல் கூட்டம் மாரியம்மன் கோயில் மண்டபத்தில்...'"

தறி நின்றது.

"அதுக்குள்ள சங்கம் வந்துருச்சா? அண்ணன் இன்னும் சாகவே இல்லியே."

அவள் தாளின் ஓரத்தைத் தடவினாள்.

"தாளு ஒட்டிக்கிச்சாட்ட இருக்குது. பாரு."

"ஆமாங்க மாமா. ஒட்டிக்கிச்சுங்க."

விரலை நாக்கில் தொட்டு, ஒட்டாத தாள்களைப் பிரித்தாள்.

தறி மறுபடி ஓடியது.

சாவடியைப் படித்தாள். போலீஸ் வண்டியைப் படித்தாள். கதவு உடைந்ததைப் படித்தாள். ஒவ்வொரு வரிக்கும் நடுவில் நாடாவைப் பார்த்தாள். வலமிருந்து இடம். இடமிருந்து வலம். தார் தீர்ந்துவிடாதா என்று பார்த்தாள்.

தீரவில்லை. அவள் சுற்றிய தார். இறுக்கமாகச் சுற்றியிருந்தாள்.

"'மச்சில் ஒளிந்திருந்த சென்னியப்பனைக் காட்டிக் கொடுத்தவர்...'"

வேறொரு பெயரைச் சொல்லலாம்.

வாய்க்கு வரும் ஏதாவது ஒரு பெயர். அந்தப் பெயருக்கும் எங்கோ ஒரு பேத்தி இருப்பாள்.

அதுவும் ஞாயிற்றுக்கிழமைவரைதான். அன்று எழுதியவர் மாமனாருக்குப் பொன்னாடை போர்த்த வருகிறார். புத்தகம் வீட்டுக்கு வீடு போகும்.

"என்ன அம்மிணி, எழுத்து தெரியிலியா?"

"தெரியுதுங்க மாமா."

நாடா ஓடிக்கொண்டிருந்தது.

"'...ஆத்துப்புதூர் நஞ்சப்பன்.'"

நாடா ஒருமுறை போனது. திரும்பவில்லை.

"'ஒரு கட்டு நூலுக்காக'" என்று மீதியையும் படித்தாள். குரல் அவளுடையதாக இல்லை.

தெருவில் யாரோ ஒரு வண்டியை உதைத்துக் கிளப்பப் பார்த்தார்கள். கிளம்பவில்லை. மறுபடி உதைத்தார்கள்.

மாமனார் தறிப் பலகையைப் பிடித்தபடி இருந்தார். முதுகு மட்டும் தெரிந்தது. பனியனில் வியர்வை கீழே இறங்கிக்கொண்டிருந்தது.

பிறகு கை நீண்டது. எப்போதும்போல. திரும்பாமல்.

தார் தீர்ந்துதான் நின்றிருக்கிறது. அவள் அப்படித்தான் நினைத்தாள். அவர் காதில் விழவில்லை. இல்லையென்றால் கல்யாணப் பத்திரிகையில் போட்ட பெயர் மறந்துவிட்டது. வயதாகிவிட்டது.

கூடையிலிருந்து ஒரு தாரை எடுத்து உள்ளங்கையில் வைத்தாள்.

விரல்கள் மூடவில்லை.

தார் உருண்டு தறிக்குழியில் விழுந்தது.

அப்போதுதான் நாடாவைப் பார்த்தாள். துணியின் மேல் கிடந்தது. உள்ளே பாதிக்குமேல் நூல் இருந்தது.

கை இன்னும் நீண்டிருந்தது.

அவள் எழுந்தாள். புத்தகம் மடியிலிருந்து சரிந்தது. பெட்டியில் எந்தெந்தச் சேலையை வைப்பது என்றுகூட நினைத்துவிட்டாள்.

"தண்ணி, அம்மிணி" என்றார்.

சொம்பு அவள் பக்கத்தில்தான் இருந்தது.