மேசை தட்டிச் சிரித்தவர்

“அந்தச் சிரிப்பு இல்லாம படத்த வெளிய விட மாட்டேன், லோகேஸ். செல்லிட்டேன்.”

பலீல் ஹாஜியார் கதிரையில் சாய்ந்துகொண்டார். கொட்டாஞ்சேனையில் அவருடைய டைல்ஸ் கடையில் இப்படிச் சாய்ந்தால் விலை இனி இறங்காது என்று அர்த்தம். வெள்ளவத்தையில், கடலை நோக்கி ஓடும் ஒழுங்கையொன்றின் மாடியிலிருந்த எடிட்டிங் அறைக்கும் அதே சட்டம்தான்.

இயக்குநர் லோகேஸ்வரனின் நகைச்சுவை நாடகம் தொலைக்காட்சியில் பன்னிரண்டு வருடம் ஓடியது. ஒவ்வொரு பகிடிக்குப் பின்னாலும் ஒரே சிரிப்பொலிதான். நாலைந்து பேர் வெடித்துச் சிரிப்பார்கள். அவர்களில் ஒருவர் மேசையில் படபடவென்று தட்டுவார். பாமன்கடைப் பிள்ளைகள் பள்ளிக்கூட மேசையில் அப்படியே தட்டிக் காட்டி அடி வாங்கியிருக்கிறார்கள்.

“இது அழுகிற படம், ஹாஜியார். கடலுக்குப் போன மகன் திரும்பி வருவான் எண்டு, முகத்துவாரக் கரையில தகப்பன் சோத்துப் பார்சலோட நிக்கிற கதை. அதுக்குள்ள ஆர் சிரிக்கிறது?”

“நானே அழுதேனே. பார்சல காக்கா கொத்துற எடத்துல கண்ணத் தொடச்ச லேஞ்சி நனைஞ்சி போச்சி. ஆனா உங்கட பேரக் கேட்டாச் சனத்துக்கு அந்தச் சிரிப்புத்தான் ஞாபகம் வரும். இடைவேளைக்கு முன்னுக்கு ஒருக்கா, முடிவுல ஒருக்கா. ரெண்டே ரெண்டு போதும்.”

இந்த ஒரு படத்தை எடுக்கத்தான் லோகேஸ்வரன் அத்தனை வருடமாக நாடகத்தில் ஆட்களைத் தண்ணீர்த் தொட்டிக்குள் விழுத்திக்கொண்டிருந்தார் என்பது ஹாஜியாருக்கும் தெரியும். தெரிந்து என்ன செய்ய? தயாரிப்பாளர் அவர். முதல் காட்சிக்கு ரிப்பன் வெட்டப்போவதும் அவர்தான். அதற்கென்று புதுக் கோட் தைக்கக் கொடுத்தாயிற்று.

“மல்லி, அதப் போடுங்க கேப்பம்.”

ஹாஜியாருக்கு இளையவர் எல்லாரும் ‘மல்லி’, தம்பிதான். எடிட்டர் ஹரிசன் போட்டார். ஸ்பீக்கர் வெடித்துச் சிரித்தது. கூடவே ஹாஜியாரின் தொந்தியும் குலுங்கியது.

“மாஷா அல்லாஹ். இது சம்பளத்துக்குச் சிரிச்ச சிரிப்பில்ல. அந்த மேச தட்டுற மனிசன் அடிவயித்துல இருந்து சிரிக்கிறான். எந்தப் பகிடிக்கி?”

“பகிடிக்கு இல்லை, ஹாஜியார். என்னை ஒருத்தருக்கும் தெரியாத காலத்தில, ஒரு முதலாளியிட்ட படத்துக்குக் கதை சொல்லப் போனனான். எங்க தடக்கிறன் எண்டு பிறகு கேட்டுப் பாக்க, போனில ரெக்கோட் போட்டுச் சட்டைப் பையில வச்சிருந்தனான். முதலாளியும் அவற்ற வேலையாக்களும் சிரிச்சது அதில விழுந்திட்டுது. பிறகு டீவி நாடகத்துக்குச் சிரிக்க ஆள் பிடிக்க வசதி இல்லை. கையில இருந்ததைப் போட்டன்.”

“என்ன கதைக்கிச் சிரிச்சாங்க?”

“இதே கதைக்கு. சோத்துப் பார்சல் இடத்தில.”

கீழே கடலோர ரயில் தடதடத்துப் போனது. ரயில் போகும்வரை அந்த அறையில் எவரும் பேசுவதில்லை. போனதும் ஹாஜியார் நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் முகம் சிவந்திருந்தது.

“புள்ள மௌத்தான தகப்பனப் பாத்துச் சிரிச்சானா? அவனெல்லாம் மனிசனா?”

மேசையில் படபடவென்று தட்டினார். பிளேன்டீ சிந்தியது. ஹரிசன் திடுக்கிட்டு ஸ்பீக்கரைப் பார்த்தார். அது எப்போதோ ஓய்ந்திருந்தது.

“அழிங்க அத. ஒரு பொட்டுக்கூட என்ட படத்துல கேக்கப் படாது.”

ஹரிசன் லோகேஸ்வரனைப் பார்த்தார். லோகேஸ்வரன் தலையாட்ட, அழித்தார்.

“இன்னமும் ஒண்டு. அந்த மனிசன் உசிரோட ஈக்கானா?”

“நல்ல சுகமா இருக்கிறார்.”

“அப்ப முதல் காட்சிக்கிக் கூப்பிடுங்க. முன் வரிசையில இருத்துங்க. எந்த மூஞ்சோட வாறான்னு நான் பாக்கோணும்.”

“கூப்பிடத் தேவையில்லை, ஹாஜியார்,” என்றார் லோகேஸ்வரன், சிந்திய தேநீரைத் துடைத்தபடி. “ரிப்பன் வெட்டப் போறதே அவர்தானே.”