மூன்று பாட்டில்

அப்பீலில் தோற்றால் நெலு இன்றே உள்ளே போக வேண்டும். இரண்டு வருஷம். ஜெயித்தால் நாலரை மணி பஸ். பஸ் நிலையத்தில் கூட்டாளி காத்திருப்பதாக ஏற்பாடு.

மூன்று நீதிபதிகளில் நடுவில் உட்கார்ந்திருந்தவர் கோப்பைப் புரட்டினார். "கார் திருட்டு. கீழ்க்கோர்ட்டுல தண்டனை ஆயிருக்கு. சொந்தக்காரர் வந்திருக்காரா?"

டிபேரியு எழுந்தான். மர அறுவை ஆலை முதலாளி. போன செப்டம்பரில் அவனுக்கும் ரொடிகாவுக்கும் கல்யாணம். விருந்து நடுவே, அந்த ஊர் வழக்கப்படி, தோழன் நெலு மணப்பெண்ணைக் கடத்தினான். நள்ளிரவுக்குள் மாப்பிள்ளை விஸ்கி பாட்டில் கொடுத்து மீட்க வேண்டும். எல்லாக் கல்யாணத்திலும் நடப்பதுதான். ஆனால் நெலு கடத்திப் போனது டிபேரியுவின் புது வெள்ளைக் காரில்.

"வழக்கம்ங்கிறது வெறும் சாக்கு ஐயா," என்றார் அரசு வக்கீல். "நள்ளிரவோட முடியற விளையாட்டு. இவன் சிக்கினது மூணாம் நாள், எல்லைக்குப் பத்து கிலோமீட்டர்ல. காரைக் கழுவி, மெழுகு போட்டு, டேங்க் நிறைய பெட்ரோல். விக்கப் போறவன்தானே அப்படிக் கழுவுவான்?"

கல்யாணத்துக்கு ஆறு மாதம் முன்பே நெலு போட்ட திட்டம் இது. அது வெளியே வந்தால் எல்லாம் முடிந்தது.

"திருப்பிக் கொடுக்கறவனும் கழுவுவான்," என்றாள் நெலுவின் வக்கீல் ஸ்மரண்டா.

"அந்த மணப்பெண்ணு..." என்று ஆரம்பித்தார் ஓரத்து நீதிபதி.

"புகார்ல இருக்கறது கார் மட்டும்தான் ஐயா," என்றார் அரசு வக்கீல்.

"சரி, காரைப் பத்தியே பேசுங்க."

ஸ்மரண்டா டிபேரியுவிடம் திரும்பினாள்.

"அன்னிக்கு ராத்திரி நெலு உங்களுக்குப் போன் பண்ணினாரா?"

"பண்ணினான்."

"என்ன கேட்டார்?"

"பன்னிரண்டு பாட்டில் விஸ்கி."

"நீங்க?"

டிபேரியு காலரைத் தளர்த்திக்கொண்டான். "மூணு."

கோர்ட்டே சிரித்தது. அடக்க வேண்டிய நடு நீதிபதி முன்னால் சாய்ந்தார். "மூணா? நான் எட்டு குடுத்தேன்யா. அதுவே கம்மின்னு என் வீட்டுக்காரி இன்னிக்கும் சொல்லிக் காட்டறா."

"அவன் பத்துக்கு இறங்கினான் ஐயா. நான் மூணுலயே நின்னேன். வியாபாரிங்க நான்."

"மூணே ஜாஸ்தி!" என்றாள் பின்வரிசையிலிருந்து டிபேரியுவின் அம்மா.

"கடைசியா என்ன சொன்னீங்க?" என்றாள் ஸ்மரண்டா.

"'மொதல்ல காரைக் கொண்டாந்து விடுடா, மத்ததை அப்புறம் பேசிக்கலாம்'னேன்."

"அதுக்கு?"

"'பேரம் முடியட்டும்'னான். வச்சிட்டேன்."

"அவ்வளவுதான் ஐயா." ஸ்மரண்டா பேனாவை மூடினாள். "இவரே பேரம் பேசியிருக்கார். அப்போ வழக்கத்தை ஒத்துக்கிட்டார்னு அர்த்தம். பேரம் படியற வரைக்கும் சரக்கு கடத்தினவன் கையிலதான் இருக்கும். கார் திருடறவன் சொந்தக்காரனுக்கே போன் போட்டு, பத்துக்கு இறங்கி வருவானா?"

மூன்று தலைகள் ஒன்றுகூடின. நெலு சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தான். நாலு. நாலு ஐந்து. நாலு பத்து.

தலைகள் பிரிந்தன.

"இது திருட்டு இல்லை," என்றார் நடு நீதிபதி. "வழக்கப்படி எடுத்தது, பேரம் படியாததால நின்னு போச்சு. குற்றச்சாட்டும் தண்டனையும் ரத்து. புகார்ல கேட்ட பொருள் சொந்தக்காரருக்கே போகணும். டிபேரியு, நஷ்ட ஈடு ஏதாவது கேக்கறீங்களா?"

டிபேரியு அம்மாவைப் பார்த்தான். அம்மா உதட்டைப் பிதுக்கினாள்.

"வேண்டாங்கய்யா. கார் வந்தாப் போதும்."

போலீஸ் வசம் இருந்த சாவியை எழுத்தர் நீட்டினார். நெலு அதை வாங்கி, தன் கையாலேயே டிபேரியுவிடம் கொடுத்தான்.

"டேய், எத்தனை கிலோமீட்டர்டா ஓட்டினே?"

"அறுநூறு. வண்டி தங்கம்டா."

"கீறல் ஏதாவது இருந்துது, உன்னை விட மாட்டேன்!" டிபேரியு அம்மாவை இழுத்துக்கொண்டு காரைப் பார்க்க ஓடினான்.

நெலுவும் ஓடினான். படிகளை இரண்டிரண்டாகத் தாண்டி, சந்தைக்குள் புகுந்து, முட்டைக்கோஸ் குவியல் ஒன்றைக் கலைத்து, அதற்கான வசவையும் சிரித்தபடி வாங்கிக்கொண்டு ஓடினான். பஸ் நகரத் தொடங்கியிருந்தது. தாவி ஏறினான்.

அவனுக்கென்று ஜன்னலோரம் இடம் பிடித்து வைத்திருந்தாள், மணப்பெண் ரொடிகா.