சூசையண்ணை கேட்ட வாக்கு

"சூசையண்ணை வாமதேவன் பக்கம் போயிட்டார்."

போனில் தோழி சுசிலா சொன்னதை இம்மாகுலேற்றால் நம்ப முடியவில்லை.

"ஆர் சொன்னது?"

"நானே கண்டனான். வாமதேவன்ர நோட்டீசோட வீடு வீடாப் போறார். 'தங்கமான மனுசன், அவருக்கே போடுங்கோ' எண்டு என்னட்டையும் கேட்டார். உங்கட ஆளை இழுத்திட்டன் எண்டு வாமதேவன் கடையில சொல்லிச் சிரிக்கிறாராம்."

லண்டன் ஈஸ்ட் ஹாமில் கவுன்சில் தேர்தல் வருகிறது. அதில் யாரை நிறுத்துவது என்று கட்சி உறுப்பினர்கள் முதலில் வாக்களித்து முடிவு செய்வார்கள். போட்டியில் இருந்தவர்கள் இரண்டு பேர்தான். பலசரக்குக் கடை வாமதேவன், பாரிசிலிருந்து வந்து இன்னும் கால் ஊன்றாத இம்மாகுலேற்.

அவளுக்கு இருந்த ஒரே பலம் சூசைதாசன். மாதா கோவிலில் பூசைக்கு வரும் மனிதர். கவுன்சில் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். அவரைத் தெரியாத வீடு அந்தப் பக்கத்தில் கிடையாது.

முதல் நாள் இருவரும் சேர்ந்துதான் வாக்குக் கேட்கப் போனார்கள். போன வீடெல்லாம் "பாப்பம்" என்று சொல்லிக் கதவைச் சாத்தின. தான் புதுமுகம் என்பதால்தான் என்று அவள் நினைத்துக்கொண்டாள். மறுநாள் அவர் முழங்கால் வலி என்று நின்றுவிட்டார்.

அந்த முழங்கால்தான் இப்போது வாமதேவனுக்காகப் படியேறுகிறது. கூட இருந்தே குழி பறித்துவிட்டாரே!

மிச்ச நாட்களில் மழையில் தனியே அலைந்தாள். என்ன மாயமோ, பல வீடுகளில் உள்ளே கூப்பிட்டுத் தேத்தண்ணி கொடுத்தார்கள்.

முடிவு வந்தது. இம்மாகுலேற் வென்றுவிட்டாள்.

வாக்கு எண்ணிய மண்டப வாசலில் லட்டுப் பெட்டியோடு நின்றார் சூசைதாசன். முகம் நிறையச் சிரிப்பு வேறு.

"தோத்த பக்கத்து ஆளுக்கு இங்க என்ன வேலை? உங்களைக் கூடப்பிறந்த அண்ணையெண்டெல்லோ நினைச்சனான்."

"கோவிக்காதையும் தங்கச்சி. என்னோட வந்த அண்டைக்கு ஒரு வீடாவது உம்மை உள்ள கூப்பிட்டதே?"

"இல்லை. அதுக்கு?"

"உமக்குக் கார் இல்லை, அதால தெரியாது." அவர் பெட்டியைத் திறந்து நீட்டினார். "இந்த ரோட்டுகளில எல்லாற்ற காருக்கும் பார்க்கிங் ஃபைன் டிக்கெட் எழுதி எழுதித்தான் நான் பென்சன் எடுத்தனான். நான் ஆருக்குக் கேட்டாலும் சனம் மற்ற ஆளுக்குத்தான் போடும்."