அமாவாசையில் கேட்ட சங்கிலி

வெள்ளிக்கிழமை தன் மகளின் கல்யாணத்துக்கு வாலாஜாபாத் போக, நெசவாளர் கோதண்டபாணி கொடுத்த முன்பணம் இருபத்தைந்து ரூபாய் பரசுராமன் மடியில் இருக்கிறது. இந்த மாதம் கிடைத்த ஒரே சவாரி. இன்று அமாவாசை, தெருவில் ஒரு தறியும் ஓடவில்லை. இளவெயிலில் தன் பழைய வாடகைக் காரைக் கிளப்புகிறார். என்ஜினின் முன்பக்கம், தகர டப்பாவில் ஆணிகளைக் குலுக்குவதுபோல் ஒரு சத்தம். பானெட்டின்மேல் கை வைக்கிறார்; உள்ளங்கை அதிர்கிறது. என்ஜினுக்குள் சுழலும் டைமிங் செயின், அந்தச் சங்கிலி, தேய்ந்து தளர்ந்திருக்கிறது. இத்தனை நாளும் அதன் ஓசை தறிச் சத்தத்தில் அமுங்கியிருக்கிறது. ஈரத்தலையோடு எதிர்வீட்டு வாசலில் நிற்கும் கோதண்டபாணி சிரிக்கிறார். "இன்னாப்பா, லீவு நாள்ல உன் வண்டி மட்டும் நெய்யுது?" பரசுராமன் என்ஜினை நிறுத்துகிறார். "செயின் ஆடிக்கினு இருக்குது அண்ணே. புதுசு மெட்ராஸ்லருந்து வரணும், வெள்ளிக்கிழமைக்குள்ள ஆவாது. வழியில அறுந்தா பொண்ணு நடுரோட்ல நிக்கும். வேற வண்டி பாருங்க." கோதண்டபாணியின் சிரிப்பு அடங்குகிறது. இருபத்தைந்து ரூபாயும் அவர் கைக்கே திரும்புகிறது. பணத்தை நீட்டிய பரசுராமனின் உள்ளங்கையில் என்ஜினின் அந்த அதிர்வு மட்டும் இன்னும் நிற்கவில்லை.