சிவப்புச் சட்டை விருந்தாளி

பதினோராவது கலியாணத்திலும் அந்தச் சிவப்புச் சட்டைக்காரர் முதல் பந்தியிலேயே உட்கார்ந்திருந்தார். கோசலா வீடியோவை நிறுத்திவிட்டு வாய்விட்டுச் சிரித்தாள்.

யாருக்கும் வேண்டாத பழைய வீடியோக்களைத் தேடியெடுத்து, வெட்டி ஒட்டி, புதுமாதிரிப் படங்கள் செய்கிறவள் அவள். யுத்தம் முடிந்து நான்கு வருடங்களாகியிருந்தன. முந்தல் ஊரில் ஸ்ரூடியோவை மூடிவிட்ட இஸ்ஸதீன் நானா, ஒருகாலத்தில் தான் எடுத்த கலியாணக் கசெற்றுகளைப் பெட்டியோடு அவளிடம் கொடுத்திருந்தார். ஒவ்வொன்றின் முதுகிலும், வெளிநாட்டுச் சொந்தங்களுக்குப் போன பிரதிகளின் கணக்கு அவருடைய கையெழுத்தில் இருந்தது: 'கனடாவுக்கு ஒரு கொப்பி', 'ஜெர்மனிக்கு ரெண்டு'.

"இவர் ஆர் நானா? கோயில் கலியாணம், சேர்ச் கலியாணம், நிக்காஹ், ஒண்டையும் விடேல்லையே!" என்று அவரிடமே கேட்டாள்.

"பெரிய கரச்சல் புடிச்ச மனுசன் மகள். கெமராவ எந்தப் பக்கம் திருப்பினாலும் மொகத்தக் காட்டிக்கிட்டு நிப்பாரு. மாப்புள வீட்டாளுண்டு நெனச்சி நானும் எடுத்தேன்."

கோசலா மாப்பிள்ளை வீட்டில் விசாரித்தால் பொம்பிளை பக்கத்து ஆள் என்றார்கள். பொம்பிளை வீட்டிலோ, "ஐயோ, அவர் மாப்பிள்ளைப் பகுதி" என்றார்கள். கோசலாவுக்குத் தன் படத்தின் கதாநாயகன் கிடைத்துவிட்டான்.

ஆனால் பன்னிரண்டாவது கசெற்றுக்குப் பிறகு அவரைக் காணவில்லை. மீதி முப்பது கலியாணங்களையும் ஓட்டிப் பார்த்தாள். சிவப்புச் சட்டை எங்கேயும் இல்லை. மனிதர்கள் திடீரென்று காணாமற்போன வருடங்கள் அவை. கோசலாவின் சிரிப்பு நின்றுபோனது. அவருக்கு என்ன ஆயிற்று என்று தெரியாமல் படத்தை முடிக்க மனம் வரவில்லை.

வீடியோவிலிருந்து அவர் முகத்தை மட்டும் படமாக எடுத்துக்கொண்டு, உடப்பு ஊரிலிருந்து கடை கடையாகக் காட்டிக்கொண்டே போனாள். கற்பிட்டியில் கருவாடு விற்கும் ரபியா, பார்த்த மாத்திரத்தில் கை தட்டினாள்.

"இது நம்மட அருளப்பு அண்ணனில்லியா! அந்தா, கடக்கர வாடியில மீன் காயப் போடுறாரு."

நரைத்த தலையோடு ஒருவர் பாய்மேல் மீனைப் பரப்பிக்கொண்டிருந்தார். கோசலா ஓடாத குறையாகப் போய்ப் படத்தை நீட்டினாள். பார்த்ததும் அவருக்கு வெட்கமும் சிரிப்பும் ஒன்றாக வந்தன.

"பிடிபட்டிட்டன் போல. பொலிசில குடுக்கப் போறீங்களோ பிள்ளை?"

"இல்லை ஐயா! நீங்கள் உயிரோட இருக்கிறதே எனக்குப் பெரிய சந்தோசம். பன்னிரண்டு கலியாணம் சொல்லாமக் கொள்ளாமப் போய்ச் சாப்பிட்டிருக்கிறீங்கள், என்ன?"

"சாப்பாட்டுக்கே போனனான்? ஆர் வீட்டில வெளிநாட்டுச் சொந்தம் இருக்கு, ஆர் அங்க கொப்பி அனுப்புவினம் எண்டு விசாரிச்சுத்தான் போறனான்."

கோசலாவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. "அப்ப ஏன் பன்னிரண்டோட நிப்பாட்டினீங்கள்?"

அருளப்பு கையிலிருந்த மீனைக் கீழே வைத்தார். முகமெல்லாம் மலர்ந்தது.

"மன்னாரில பிரிஞ்சு, எந்த நாட்டில இருக்கிறாள் எண்டே தெரியாத என்ர தங்கச்சி, பன்னிரண்டாவது கொப்பியில என்ர முகத்தைப் பாத்திட்டாள்!"